பதிவுத் தபாலில் அனுப்பிய அனுமதி

எங்கள் ஓய்வுபெற்ற லிகிதர் சங்கத்தின் மலருக்கு, அலுவலக வாழ்க்கையின் வேடிக்கைகளை எழுதித் தருவதாகத்தான் ஒப்புக்கொண்டிருந்தேன். என்னிடம் அவை நிறைய உண்டு. ஆனால் சென்ற கூட்டத்தில், இப்போது சேவையில் இருக்கும் ஒரு பெண் தேநீர்க் கோப்பையோடு என் பக்கத்தில் வந்து அமர்ந்து, "சேர், உங்க ஸ்கூல்ல இருந்த பிரின்சிபல் ஒருத்தங்களக் கோர்ட்டுல கூண்டுல ஏத்துனாங்களாமே? அப்படி என்னா செஞ்சாங்க?" என்று கேட்டாள்.

"அது பழைய கதை, பிள்ளை" என்று சொல்லிவிட்டு பிஸ்கட் தட்டை அவள் பக்கம் தள்ளினேன்.

என்ன செய்தார்? அவர் ஒன்றும் செய்யவில்லை. செய்தவன் நான். அதைச் சொல்லாமல் வேடிக்கைகளை எழுத எனக்குக் கை வரவில்லை.

நான் யாழ்ப்பாணத்தில் படித்தவன். பல்கலைக்கழகம் கிடைக்காமல் போனபோது, தெரிந்த ஒருவர் மூலம் நமுனுகுல பக்கத்துத் தோட்டம் ஒன்றின் அலுவலகத்தில் இளைய லிகிதராகச் சேர்ந்தேன். அங்கே எனக்குத் தரப்பட்ட முதல் வேலை தபால். தொழிலாளர்கள் குடியிருக்கும் லயத்து வரிசை வீடுகளுக்குத் தபால்காரர் போவதில்லை. லயங்களுக்குத் தனித்தனி விலாசம் கிடையாது. எல்லாக் கடிதங்களும் ஒரே பையில் தோட்ட அலுவலகத்துக்கு வரும். நான் அவற்றைப் பிரிவு பிரிவாகப் பிரித்துக் கங்காணியிடம் கொடுப்பேன். காலையில் வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்தில் அவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக் கொடுப்பார். எங்களுக்கு வேலை நெருக்கடி என்றால் கடிதம் மேசையில் கிடக்கும். விடுமுறை வந்தால் இன்னும் கிடக்கும். யாரும் வந்து கேட்க மாட்டார்கள். கடிதம் வந்திருப்பது தெரிந்தால்தானே கேட்பார்கள்? இரண்டு வருடம் அந்த வேலை செய்தேன். பிறகு அரசாங்கப் பரீட்சை எழுதித் தேறி, சில இடங்கள் சுற்றி, பதுளை நகரத்துத் தமிழ்ப் பாடசாலை ஒன்றின் அலுவலகத்துக்கு வந்து சேர்ந்தேன். ஓய்வு பெறும்வரை அதே யன்னல், அதே மேசை.

திருமதி கமலாதேவி அங்கே அதிபராக வந்தபோது நான் பிரதம லிகிதர். அவர் பூனாகலைக்காரர். தோட்டத்துப் பிள்ளைக் காம்பராவில் குழந்தைகளைப் பார்த்துக்கொண்ட தாயின் மகள். காலையில் தன் அறைக்குப் போகுமுன் எங்கள் அலுவலகத்தின் அரைக்கதவில் கை வைத்து நிற்பார்.

"நாதன் ஐயா, டீ குடிச்சாச்சா?"

"ஓம் மெடம், குடிச்சிட்டன்."

"அப்ப இன்னொன்னு குடிக்கலாம். மழை வரும்போல இருக்கு."

மழை வராத நாட்களிலும் மழை வரும்போலத்தான் இருக்கும் அவருக்கு. என் யாழ்ப்பாணப் பேச்சைக் கிண்டல் செய்வார். "நீங்க 'பார்ப்பம்'னு சொன்னா, அந்த வேல இந்த வருஷம் நடக்காதுன்னுதானே ஐயா அர்த்தம்?" என்பார். அலுவலகமே சிரிக்கும். நானும் சிரிப்பேன். கோபம் வந்தால் அவர் சத்தம் போட்டதில்லை. கையிலிருக்கும் தாளை இரண்டாக மடித்து, மடிப்பை நகத்தால் அழுத்துவார். அந்தச் சத்தம் கேட்டால் எதிரே நிற்பவர் தானாகவே மன்னிப்புக் கேட்பார்.

நான் எழுதிக் கொண்டுபோகும் கடிதங்களை முதல் சில வருடங்கள் வரி வரியாக வாசித்தார். "இத வாங்குறவங்க எப்படி வாசிப்பாங்க, ஐயா?" என்பது அவருடைய ஒரே கேள்வி. எத்தனையோ கடிதங்களை அந்தக் கேள்விக்காகவே திருப்பி எழுதியிருக்கிறேன். போகப் போகக் கட்டட வேலை, கல்வி வலயக் கூட்டங்கள் என்று நேரம் குறைந்தது. கையெழுத்து வேண்டிய இடத்தில் நான் பென்சிலால் ஒரு சிறு குறி வைப்பேன். அவர் அந்தக் குறியைத் தேடிக் கையெழுத்திடுவார். "ஐயா பென்சில் வச்சா நான் கண்ண மூடிக்கிட்டு வப்பேன்" என்று ஒருமுறை வலயப் பணிப்பாளரிடமே சொன்னார். அன்று நான் வீட்டுக்குப் போய் மனைவியிடம் அதை இரண்டு தடவை சொன்னேன்.

முதலாம் தர அனுமதி எங்கள் பாடசாலையில் பெரிய விஷயம். விண்ணப்பங்களைப் பிரித்து, சுற்றறிக்கைப்படி புள்ளி போட்டு, நேர்முகக் குழுவுக்குப் பட்டியல் தயாரிப்பது என் பொறுப்பு. குழு உட்காரும், ஆனால் புள்ளி என்னுடையது. இருபது வருடத்துக்கு மேல் என் பட்டியல் ஒன்றுகூடத் திரும்பி வந்ததில்லை.

அந்த வருடம் ஸ்பிரிங்வெளிப் பக்கத்துத் தோட்டம் ஒன்றிலிருந்து யோகேஸ்வரி என்ற பெண் தன் மகளுக்கு விண்ணப்பித்திருந்தாள். கொழுந்து பறிப்பவள். புருஷன் பதுளை பஸ் நிலையத்தில் ஆட்டோ ஓட்டுபவர். தோட்டத்துப் பள்ளிக்கூடம் ஐந்தாம் தரத்தோடு முடிந்துவிடும். தகப்பன் காலையில் நகரத்துக்கு வரும்போது பிள்ளையையும் கூட்டி வரலாம் என்பது அவர்கள் எண்ணம். வசிப்பிடத்தை உறுதிப்படுத்தும் பத்திரங்களைக் கேட்டேன்.

"காணி உறுதி இல்லீங்க ஐயா. லயத்துக்கு ஏதுங்க உறுதி? தொர கடிதம் குடுத்திருக்காரு. வாக்காளர் இடாப்புலயும் பேரு இருக்கு."

"வீட்டு இலக்கம்?"

"இலக்கமா? மூணாவது லயம், கடைசிக் காம்பராங்க. அங்க வந்து யாரக் கேட்டாலும் காட்டுவாங்க."

வரிசையில் நின்ற ஒருவர் சிரித்தார். நானும் சிரித்தேன். தோட்ட முகாமையாளரின் கடிதத்தை ஏற்றுப் புள்ளி கொடுக்கலாம் என்று சுற்றறிக்கையில் இடமிருந்தது. நான் அதற்குப் பூச்சியம் போட்டேன். பத்திரம் உள்ளவர்களுக்கு அது அநியாயம் என்று எனக்கு நானே ஒரு நியாயமும் சொல்லிக்கொண்டேன்.

அவர்கள் அத்தோடு விட்டுவிடவில்லை. தோட்டத்துப் பிள்ளையாகப் பிறந்து சட்டம் படித்த ஓர் இளம் பெண் இலவசமாக வழக்கை எடுத்து, மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்டாள். பாடசாலை தொடங்கும் ஜனவரியில் கட்டளை வந்தது. முகாமையாளரின் கடிதத்துக்குப் புள்ளி உண்டு. அந்தப் புள்ளியைச் சேர்த்தால் பிள்ளைக்கு இடம் உண்டு. மாதம் முடிவதற்குள் அதிபர் பிள்ளையைச் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

நீதிமன்றத்துப் பிஸ்கல் கொண்டுவந்த கட்டளையைக் கமலாதேவி மெடம் நின்றபடியே வாசித்தார். அவர் முகத்தில் வருத்தம் இல்லை. உண்மையைச் சொன்னால் ஒரு வெளிச்சம் இருந்தது.

"நல்லதாப் போச்சு. நாளைக்கே வரச் சொல்லுங்க ஐயா. தகப்பன் ஸ்டாண்டுலதானே இருக்காரு, ஆளனுப்பினா அஞ்சு நிமிஷம்."

"மெடம், இது கோர்ட் விஷயம். வாயால சொன்னதுக்குச் சாட்சி இல்லை. பதிவுத் தபால்தான் ஒழுங்கு."

அவர் கட்டளையை என்னிடம் நீட்டினார். "சரி. உங்களுக்குத் தெரியாததா? பார்த்துச் செய்ங்க."

அந்தக் கடிதத்தை நான் எப்படிச் செய்தேன் என்பதை ஒளிக்காமல் சொல்கிறேன். பொங்கலுக்கு இரண்டு நாள் முன்னதாகத் திகதியிட்டேன். மூலப் பத்திரங்களோடு, கடிதத் திகதியிலிருந்து பத்து நாளுக்குள் பிள்ளையைக் கொண்டுவர வேண்டும், தவறினால் அனுமதி இரத்தாகும் என்று எழுதினேன். கட்டளையில் அப்படியொரு நிபந்தனை இல்லை. மெடம் கூட்டத்துக்குப் புறப்படும் அவசரத்தில், வேறு பத்துக் கடிதங்களுக்கு நடுவே பென்சில் குறியோடு வைத்தேன். கையெழுத்தானது. உறையில் போட்டு ஒட்டி, என் மேசை லாச்சியில் வைத்தேன். பொங்கல் போனது. அடுத்து வந்த திங்கட்கிழமைதான் தபாலகத்துக்கு அனுப்பினேன்.

அந்தக் கடிதம் தோட்ட அலுவலகப் பைக்குள் எத்தனை நாள் கிடக்கும் என்று என்னைவிடத் தெரிந்தவர் பதுளையில் யாரும் இருக்க முடியாது.

யாரும் என்னைத் தூண்டவில்லை. எனக்கு ஆதாயமும் இல்லை. என் பட்டியலை நீதிமன்றம் பிழை என்றது. அது எனக்குப் பொறுக்கவில்லை. இன்னொன்றும் இருந்தது. இத்தனை வருடம் இந்த மலையின் தண்ணீரைக் குடித்தும், லயத்திலிருந்து வருகிறவர்களோடு பேசும்போது என் குரல் மாறும். நகரத்துக் கடைக்காரரிடம் "இருங்கோ" என்பேன். அவர்களிடம் "நில்லு" என்பேன். அப்படி மாறுகிறது என்று தெரிந்தும் நான் திருத்திக்கொள்ளவில்லை.

பத்து நாள் முடிந்த மறுநாள், காத்திருப்போர் பட்டியலில் முதலில் இருந்த பிள்ளைக்கு அந்த இடத்தைக் கொடுத்தேன். அதற்கும் ஒரு பென்சில் குறி. மெடம் "அந்தத் தோட்டத்துப் புள்ள?" என்று கேட்டார். "கடிதம் போனது, மெடம். வரவில்லை" என்றேன்.

அதற்கு இரண்டு நாள் கழித்து யோகேஸ்வரி யன்னலுக்கு வந்தாள். மெடம் அன்று வலயக் கல்வி அலுவலகத்தில். பெண்ணின் கையில் உறை.

"நேத்துத்தாங்க ஐயா பெரட்டுல இத குடுத்தாங்க. வேலைக்குப் போகாம ஓடியாறேன்."

"காலம் முடிஞ்சுது. இடம் வேற பிள்ளைக்குப் போயிட்டுது."

"கோர்ட்டுல சொல்லியிருக்காங்களேங்க."

"கடிதத்தில கடைசி வரி என்ன? வாசிச்சுப் பார்."

அவள் வாசித்தாள். வாசிக்கத் தெரிந்தவள்தான். மறுபடியும் வாசித்தாள். பக்கத்தில் பிள்ளை நின்றது. யன்னல் கட்டை உயரமானது. உள்ளேயிருந்து பார்த்த எனக்கு இரண்டு வெள்ளை ரிப்பன்கள் மட்டும் தெரிந்தன. புதுச் சீருடை போட்டுத்தான் கூட்டி வந்திருந்தாள். "சரிங்க ஐயா" என்று சொல்லிவிட்டு, உறைக்குள் கடிதத்தைத் திரும்ப வைத்துக்கொண்டு போனாள்.

ஒரு மாதத்துக்குள் அதிபருக்கு அழைப்பாணை வந்தது. நீதிமன்றத்தை அவமதித்ததற்காக ஏன் தண்டிக்கக்கூடாது என்று காரணம் காட்ட வேண்டும். கட்டளை அதிபர் பெயருக்கு. அதனால் குற்றமும் அதிபர் பெயருக்கு. லிகிதர் அந்தத் தாளில் எங்குமே இல்லை.

சத்தியக் கடதாசியை நான்தான் தயாரித்தேன். கடிதம் அதிலுள்ள திகதியிலேயே அனுப்பப்பட்டது என்று அதில் இருந்தது. வழக்கு நாளில் நீதிமன்ற விறாந்தையில் மெடம் என்னைத் தனியே கூப்பிட்டார். சாம்பல் நிறச் சேலை. கையில் கைக்குட்டை.

"ஐயா, அந்தத் திகதியிலதானே போட்டீங்க? நான் உள்ள போய்ச் சத்தியம் பண்ணணும்."

"ஓம், மெடம்."

அவ்வளவுதான். அந்த ஒரு சொல்லை வேறு மாதிரிச் சொல்ல எனக்கு இடமிருந்தது. நேரமும் இருந்தது, வழக்குக் கூப்பிட இன்னும் அரைமணித்தியாலம் கிடந்தது. எதிர்ப் பக்கத்து வாங்கில் யோகேஸ்வரி உட்கார்ந்து எங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பெயர் கூப்பிட்டதும் மெடம் கூண்டில் ஏறினார். களவெடுத்தவர்களும் அடிதடிக்காரர்களும் ஏறி இறங்கும் அதே மரக் கூண்டு. குற்றப்பத்திரத்தை வாசித்தார்கள். மொழிபெயர்ப்பாளர் ஒவ்வொரு வசனமாகத் தமிழில் சொன்னார். தான் கட்டளையை மதித்ததாகவும், குறித்த திகதியில் கடிதம் அனுப்பியதாகவும் மெடம் சொன்னார். அந்த இளம் சட்டத்தரணி எழுந்து ஓர் உறையை நீட்டினாள். யோகேஸ்வரி அந்த உறையை எறியாமல் வைத்திருந்திருக்கிறாள். முத்திரையில் தபாலகத்தின் திகதி தெளிவாக இருந்தது. நீதிபதி அதைப் பார்த்தார். பிறகு அது மெடத்திடம் கொடுக்கப்பட்டது.

அவர் உறையைப் பார்த்தார். பிறகு தலையைத் திருப்பிப் பார்வையாளர் வாங்கில் இருந்த என்னைப் பார்த்தார். ஒரு தடவைதான்.

திணைக்களத்தின் சட்டத்தரணி அருகே வந்து மெதுவாக ஏதோ சொன்னார். அலுவலகத் தவறு என்று சொல்லச் சொல்லியிருப்பார். நீதிபதி, இந்தத் தாமதம் யாருடையது என்று கேட்டார்.

"கையெழுத்து என்னோடதுங்க. பொறுப்பும் என்னோடது. வாசிக்காம வச்சேன். மன்னிப்புக் கேக்குறேன்."

நான் எழுந்து நின்றிருக்கலாம். அந்த மண்டபத்தில் நான் இருந்த இடத்திலிருந்து கூண்டுக்குப் பத்து அடி இருக்காது. நான் உட்கார்ந்தே இருந்தேன்.

நீதிபதி மன்னிப்பை ஏற்றார். ஆனால் திறந்த மன்றத்தில் நீண்ட நேரம் கண்டித்தார். ஏழைகளின் பிள்ளைக்குக் கிடைத்த கட்டளையைத் தந்திரத்தால் வெறும் தாளாக்கியது கல்விமானுக்கு அழகல்ல என்றார். மூன்று நாளில் பிள்ளையைச் சேர்க்க வேண்டும் என்றார். மெடம் ஒவ்வொரு வசனத்துக்கும் தலையசைத்தார். மொழிபெயர்ப்பாளர்கூடக் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

மறுநாள் காலை அரைக்கதவில் வந்து நின்றார். டீயைப் பற்றிக் கேட்கவில்லை.

"நீங்களே போய்ப் புள்ளையக் கூட்டிட்டு வாங்க."

போனேன். மூன்றாவது லயம், கடைசிக் காம்பரா. யாரையும் கேட்கவேண்டியிருக்கவில்லை. யோகேஸ்வரி கதிரையைத் துடைத்துப் போட்டாள். தேத்தண்ணீர் கொடுத்தாள். வந்த விஷயத்தைச் சொன்னேன்.

"இல்லீங்க ஐயா. இங்கயே பேரு பதிஞ்சிட்டோம்."

"ஏன்? கோர்ட்டே சொல்லிட்டுதே."

அவள் நிலத்தைப் பார்த்தாள். "அந்த அம்மா பூனாகலையாமே. நம்ம சனமாம். அன்னிக்கு வெளிய வந்த பொறவுதான் சொன்னாங்க. அவங்கள அந்தக் கூண்டுல நிக்க வச்சிட்டோமே, ஐயா. இனி எந்த முகத்தோட அந்தப் பள்ளிக்கூடத்துல எம் புள்ளைய விடுறது? அவங்க ஒண்ணும் செய்ய மாட்டாங்க, தெரியும். ஆனா தெனமும் அவங்க முன்னாடி புள்ள நிக்கணுமே."

ஒரே ஒரு வாக்கியம் போதுமாக இருந்தது. அந்த அம்மா செய்யவில்லை, நான் செய்தேன். சொல்லியிருந்தால் பிள்ளை திங்கட்கிழமை வந்திருக்கும். தேத்தண்ணீரைக் குடித்து முடித்தேன். வெறும் கோப்பையைக் கொடுத்துவிட்டு இறங்கி வந்தேன். கோப்பில், "பெற்றோர் விரும்பவில்லை" என்று எழுதினேன். மெடம் அந்த வரியை வாசித்தார், வெகு நேரம். பிறகு கையெழுத்திட்டுத் திருப்பித் தந்தார்.

திணைக்கள விசாரணையிலும் அவர் என் பெயரைச் சொல்லவில்லை. வருட முடிவில் பூனாகலைப் பக்கத்துச் சிறிய பள்ளிக்கூடம் ஒன்றுக்கு இடமாற்றம் வந்தது. அங்கேயே ஓய்வும் பெற்றார். இருந்த கடைசி மாதங்களில் என்னோடு மரியாதையாகவே பேசினார். கடிதங்களை மறுபடியும் வரி வரியாக வாசித்தார்.

அவருக்குப் பின் இரண்டு அதிபர்கள் வந்தார்கள். நல்லவர்கள். ஆனால் காலை ஏழரைக்கு அந்த அரைக்கதவில் ஒரு கை வந்து தங்கும் சத்தத்துக்காக என் காது கிடந்து ஏங்கியது. ஓய்வு பெற்ற பிறகும் அந்த நேரத்துக்கு நான் தேநீர் குடிப்பதில்லை. எட்டு மணிக்குக் குடிக்கிறேன். என் வீடு பாடசாலைக்குக் கீழ்த் தெருவில். ஒவ்வொரு ஜனவரியிலும் முதலாம் தரத்துப் பிள்ளைகளை வரவேற்கும் விழா ஒலிபெருக்கியில் கேட்கும். ஒவ்வொரு பெயராகக் கூப்பிடுவார்கள். அந்தப் பிள்ளையின் பெயர் சஞ்சனா. அது எந்த வருடமும் கூப்பிடப்படப் போவதில்லை என்று தெரிந்தே யன்னலைத் திறந்து வைத்துக் கேட்டிருக்கிறேன்.

கூட்டத்தில் அந்தப் பெண் கேட்ட கேள்விக்குப் பிறகு, போன மாதம் தோட்டத்துக்குப் போனேன். எட்டு வருடத்துக்குப் பின். யோகேஸ்வரி வேலை முடித்து வந்து கால் கழுவிக்கொண்டிருந்தாள். என்னை அடையாளம் கண்டுகொண்டாள். வாசலில் நின்றே எல்லாவற்றையும் சொன்னேன். லாச்சியில் வைத்தது, திகதி, விறாந்தையில் சொன்ன பொய், அவள் வீட்டில் சொல்லாமல் விட்டது. வெளியே கொடியில் வெள்ளைச் சீருடை காய்ந்துகொண்டிருந்தது.

அவள் கழுவிய கால்களைத் துடைத்துக்கொண்டாள். பிறகு, "இத அந்த அம்மாகிட்டச் சொல்லிட்டீங்களா?" என்றாள்.

"இன்னும் இல்லை."

"எங்கிட்ட எதுக்குங்க மொதல்ல வந்தீங்க? அவங்கதான நின்னாங்க. போங்க. மொதல்ல அங்க போங்க."

உட்காரச் சொல்லவில்லை. அது நியாயம். ஆனால் இறங்கி வரும்போது நெஞ்சில் ஏதோ இலேசானதை நான் மறைக்க மாட்டேன்.

இதுவரை உள்ளதை எழுதி முடித்து, சென்ற சனிக்கிழமை பண்டாரவளை பஸ்ஸில் ஏறிப் பூனாகலைக்குக் கொண்டுபோனேன். கமலாதேவி மெடம் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, முதல் தாளிலிருந்து வாசித்தார். பழையபடி வரி வரியாக. யோகேஸ்வரி தன் பிள்ளையை ஏன் அனுப்பவில்லை என்ற இடத்தில் நின்றார். கண்ணாடியைக் கழற்றினார். திரும்பவும் போட்டார்.

"கோவத்துல அனுப்பலன்னு இத்தன வருஷமா நெனச்சிட்டேன், ஐயா. எம்மேல உள்ள கோவம்னு."

நான் மன்னிப்புக் கேட்டேன். அவர் அதைக் காதில் வாங்கியதாகத் தெரியவில்லை. கடைசித் தாளையும் வாசித்து, எல்லாவற்றையும் ஒழுங்காக அடுக்கி மடியில் வைத்துக்கொண்டார்.

"இப்ப அந்தப் புள்ள எந்த ஸ்கூல்ல?"

"தெரியாது, மெடம்."

"ஒன்பதாம் ஆண்டா இருக்கணும். நல்லாப் படிக்குதாமா?"

"நான்... கேட்கவில்லை, மெடம்."

"அந்த வீட்டு வாசல் வரைக்கும் போயிருக்கீங்க. எல்லாத்தையும் சொல்லியிருக்கீங்க. அதக் கேக்கல?"

தோட்டத்தில் நின்ற அந்த முழு நேரமும் நினைத்துப் பார்த்தேன். அங்கே நான் என்னைப் பற்றியே பேசியிருக்கிறேன்.

"இல்லை, மெடம்."

அவர் தாள்களை என்னிடம் நீட்டினார்.

"மலருக்குக் குடுங்க. ஆனா இதையும் எழுதிட்டுக் குடுங்க."

எழுதிவிட்டேன்.